பதிலி வருடங்கள்

அப்பா மில்லிலிருந்து ஓய்வு பெற்றது 1997இல். கிராஜுவிட்டியில், அதாவது பணிக்கொடையில், தனக்கு ஏழு வருடத்தைக் குறைத்துவிட்டார்கள் என்று அவர் வாய் திறந்து சொன்னது 2003இல். அந்த இடைப்பட்ட காலம் முழுக்க நான் மதுரையில் ஒரு தொழிலாளர் வழக்கறிஞரின் அலுவலகத்தில் டைப்பிஸ்ட். அப்பாவைப் போன்றவர்களின் மனுக்களைத்தான் தினமும் அடித்துக்கொண்டிருந்தேன். அது அப்பாவுக்கு நன்றாகத் தெரியும். சாயந்திரம் வீட்டுக்கு வந்ததும் இன்றைக்கு யார் வந்தது, எந்த மில், எவ்வளவு பாக்கி என்று விசாரிப்பார். தன் கணக்கைப் பற்றி மட்டும் ஒரு வார்த்தை சொன்னதில்லை.

வேலையை விட்டு வருடங்கள் கழித்துப் பாக்கி கேட்டு வருகிறவர்களிடம் எல்லோரும் கேட்பது ஒரே கேள்விதான்: "இத்தனை நாள் என்ன செஞ்சீங்க?" எதிர்த்தரப்பு வக்கீல் கேட்பார். அலுவலகத்தில் தபால் வாங்குகிறவர் கேட்பார். பெற்ற பிள்ளைகளே கேட்பார்கள். அந்தக் கேள்விக்குள் ஒரு குற்றச்சாட்டு இருக்கிறது: உனக்கே அக்கறை இல்லை, அப்புறம் எதற்கு இப்போது வந்தாய்? எங்கள் அலுவலக பெஞ்சில் உட்கார்ந்து பேசியவர்களில் அக்கறை இல்லாமல் இருந்தவர் ஒருவரைக்கூட நான் பார்த்ததில்லை. பாக்கித் தொகையை ரூபாய் பைசாவோடு மனப்பாடமாக வைத்திருப்பார்கள். அத்தனை பேருக்கும் காத்திருக்க ஒரு காரணம் இருந்தது, அந்தக் காரணம் பெரும்பாலும் பணத்தை வைத்திருந்தவர் கையில்தான் இருந்தது.

அப்போதெல்லாம் பி.எஃப். பணம் எடுக்கும் படிவத்தில் முதலாளி தரப்பின் கையெழுத்தும் முத்திரையும் வேண்டும். கிராஜுவிட்டி குறைகிறது என்று வாய் விட்டால் அந்தப் படிவம் மேனேஜர் மேசையிலேயே தூங்கும். பி.எஃப். வந்துவிட்டால் கேட்கலாம் என்று ஒரு வருடம் போகும். குவார்ட்டர்ஸில் குடியிருப்பவர் காலி செய்யச் சொல்லிவிடுவார்களோ என்று இருப்பார். மருமகனுக்கு அதே இடத்தில் வேலை சொல்லி வைத்தவர் இருப்பார். "தர மாட்டோம்னு அவுக சொல்லலையே தாயி, அடுத்த மாசம் வா, அடுத்த மாசம் வான்னுதான் சொன்னாக" என்று சோழவந்தான் பக்கத்திலிருந்து வந்த ஒரு பெரியவர் என்னிடம் சொன்னார். அடுத்த மாதம் என்று நம்பி நடந்த மனிதரைப் பார்த்துத்தான் பதில் மனுவில் 'உரிமையின் மீது உறங்கியவர்' என்று எழுதியிருந்தார்கள். அதைப் படித்துக் காட்டியபோது எனக்குத் தொண்டை அடைத்தது.

அப்பாவின் காரணம் எங்கள் சித்தப்பா. அதே மில்லில், அதே நூற்புப் பிரிவில் அவரும் இருந்தார். அப்பா வழக்குப் போட்டால் தம்பியை அங்கிட்டும் இங்கிட்டும் ஷிப்ட் மாற்றிப் பந்தாடுவார்கள், ஏதாவது ஒரு சாக்கில் மெமோ கொடுப்பார்கள் என்பது அவர் பயம். முன்னால் இரண்டு மூன்று குடும்பங்களுக்கு அப்படி நடந்ததைக் கண்ணால் பார்த்தவர். 2003இல் சித்தப்பா விருப்ப ஓய்வு வாங்கிக்கொண்டு வெளியே வந்தார். வந்த வாரமே அப்பா டிரங்குப் பெட்டியைத் திறந்தார்.

பெட்டியிலிருந்து எடுத்தவற்றைப் பாயில் வரிசையாகப் பரப்பினார். இ.எஸ்.ஐ. அட்டை. ஓரம் நைந்த பி.எஃப். சீட்டுகள், வருடத்துக்கு ஒன்று, நடுவில் சில விட்டுப்போயிருந்தன. நிரந்தரம் ஆன உத்தரவு, 1975. கடைசியாகச் செட்டில்மென்ட் கொடுத்தபோது எழுதித் தந்த கணக்குத் துண்டு. அதில் சேவைக்காலம் 22 வருடம் என்று இருந்தது. அப்பா மில்லுக்குள் காலடி வைத்தது 1968இல். நடுவில் இருந்த ஏழு வருடமும் அவர் பதிலி.

பதிலி என்றால் என்னவென்று இன்றைய பிள்ளைகளுக்குச் சொல்லித்தான் ஆக வேண்டும். சங்கு ஊதுவதற்கு முன்னால் மில் வாசலில் போய் நிற்க வேண்டும். நிரந்தரத் தொழிலாளி யாராவது வரவில்லை என்றால் மேஸ்திரி உள்ளேயிருந்து பெயரைக் கூப்பிடுவார். கூப்பிட்டால் அன்றைக்குக் கூலி. கூப்பிடாவிட்டால் வீட்டுக்குத் திரும்பிவிட்டு அடுத்த ஷிப்டுக்கு மறுபடி போய் நிற்க வேண்டும். மேலப்பொன்னகரம், அரப்பாளையம், பைக்காரா, பசுமலை என்று மில்லை நம்பிய பகுதிகளில் ஒரு தலைமுறை ஆண்கள் இப்படித்தான் இளமையைக் கழித்தார்கள். இயந்திரம் ஒன்றுதான், ஓட்டுகிற வேகமும் ஒன்றுதான், பஞ்சுத் தூசியும் எல்லோருக்கும் பொதுதான். பதிவேட்டில் மட்டும் அவர்கள் வேறு ஆள்.

கணக்கு சிக்கலானதில்லை. 1972ஆம் ஆண்டுப் பணிக்கொடைச் சட்டப்படி ஒரு வருடச் சேவைக்கு 15 நாள் சம்பளம். கடைசி மாதச் சம்பளத்தை, அதாவது அடிப்படையையும் பஞ்சப்படியையும் சேர்த்து, 26ஆல் வகுத்தால் ஒரு நாள் கூலி. அப்பாவுக்குக் கடைசியில் 4,160 ரூபாய். 26ஆல் வகுத்தால் 160. பதினைந்து நாளுக்கு 2,400. இருபத்திரண்டு வருடத்துக்கு 52,800 கொடுத்திருந்தார்கள். ஏழு வருடத்துக்கு 16,800 பாக்கி. இந்தத் தொகையை அப்பா 1997இலேயே போட்டு, கணக்குத் துண்டின் பின்பக்கம் பென்சிலால் எழுதி வைத்திருந்தார்.

வக்கீல் ஐயா காகிதங்களைப் பார்த்துவிட்டு முதலில் தலையை ஆட்டவில்லை. லாலப்பா லிங்கப்பா வழக்கில் 1981இல் உச்ச நீதிமன்றம் சொன்ன தீர்ப்பை எடுத்துக் காட்டினார். லட்சுமி விஷ்ணு டெக்ஸ்டைல் மில்லுக்கு எதிராக நடந்த வழக்கு. உண்மையில் வேலை செய்யாத நாளைப் பதிலித் தொழிலாளி தன் சேவையாகச் சொல்ல முடியாது, எந்த வருடத்தில் 240 நாள் வேலை பார்த்தாரோ அந்த வருடம் மட்டும் கணக்கில் வரும் என்பது அதன் சாரம். மில் வாசலில் நின்றுவிட்டுத் திரும்பிய நாளெல்லாம் கணக்கில் இல்லை. ஆகவே ஏழு வருடத்தையும் மொத்தமாகக் கேட்க முடியாது, ஒவ்வொரு வருடத்துக்கும் 240 நாள் காட்ட வேண்டும். முப்பது வருடத்துக்கு முந்தைய வருகைப் பதிவேடு எங்கே இருக்கும்? மில் தரப்பில் இல்லை என்று சொல்லிவிட்டார்கள்.

வழி காட்டியது பி.எஃப். சீட்டுதான். வருங்கால வைப்பு நிதிச் சட்டம் 1952இல் வந்தபோதே முதல் ஆறு தொழில்களில் ஒன்றாக ஜவுளி ஆலைகள் அதில் சேர்ந்துவிட்டன. ஆனால் அந்தக் காலத்தில் வேலைக்குச் சேர்ந்த அன்றே பி.எஃப். பிடிக்க மாட்டார்கள். ஒரு வருடத் தொடர் சேவை வேண்டும், அல்லது பன்னிரண்டு மாதத்துக்குள் 240 நாள் வேலை பார்த்திருக்க வேண்டும். அதற்குப் பிறகுதான் உறுப்பினர் எண் கிடைக்கும். அப்பாவுக்கு எண் கிடைத்தது 1970இல். அப்படியென்றால் அதற்கு முந்தைய பன்னிரண்டு மாதத்தில் அவர் 240 நாள் வேலை பார்த்தார் என்பதை மில்லே அன்றைக்கு ஒப்புக்கொண்டிருக்கிறது என்றுதானே பொருள்? பின் வருடங்களுக்குச் சீட்டில் இருந்த பிடித்தத் தொகையை அன்றைய நாள் கூலியோடு ஒப்பிட்டு நாட்களை எடுத்தோம். விட்டுப்போன சீட்டுகளுக்குச் சொக்கிகுளம் பி.எஃப். அலுவலகத்தில் மனுக் கொடுத்துக் கணக்கு விவரம் வாங்கினோம். ராத்திரி பதினோரு மணி வரைக்கும் அப்பாவும் நானும் உட்கார்ந்து வகுத்து வகுத்து எழுதிய தாள்கள் அந்த வழக்குக் கட்டில் இன்றும் இருக்கும்.

1968க்கு மட்டும் ஒரு துண்டுக் காகிதம் இல்லை. எந்த மாதம் யாருடைய இயந்திரத்தில் நின்றோம், யாருக்கு அம்மை போட்டு எத்தனை நாள் அவர் இடத்தில் ஓட்டினோம், யாருடைய கல்யாணத்துக்கு ஒரு வாரம் தொடர்ந்து ராத்திரி ஷிப்ட் கிடைத்தது என்றெல்லாம் அப்பா சொன்னார். அத்தனையும் உண்மை என்று எனக்குத் தெரியும். அதைச் சாட்சியமாக்க வழியில்லை. அந்த வருடத்தை விட்டுவிட்டு ஆறு வருடத்துக்கு மனுப் போட்டோம், 14,400 ரூபாய்.

அடுத்த தடை காலம். பணிக்கொடை தராவிட்டாலோ குறைத்துத் தந்தாலோ 'என்' படிவத்தில் 90 நாளுக்குள் கட்டுப்பாட்டு அதிகாரியிடம் மனுச் செய்ய வேண்டும் என்பது அன்றைய விதி. போதிய காரணம் இருந்தால் தாமதத்தை மன்னித்து மனுவை ஏற்கலாம் என்று அதே விதி சொன்னது. தாமதத்தை மன்னிக்கக் கோரும் மனுவை நான்தான் அடித்தேன். காரணம் என்ற இடத்தில் என்ன போடுவது என்று வக்கீல் ஐயா வெகுநேரம் யோசித்தார். உடல்நலக் குறைவு என்று போடுவது வழக்கம், அதில் கேள்வி வராது. அப்பா ஒத்துக்கொள்ளவில்லை. "எனக்கு உடம்பு நல்லாத்தான் இருந்துச்சு. தம்பி உள்ள இருந்தான். அதான் கேக்கலை. அதையே எழுதுங்கய்யா" என்றார். அதையே எழுதினோம்.

விசாரணையன்று எதிர்த்தரப்பு வக்கீல் அப்பாவைக் கூண்டில் ஏற்றியது போலத்தான் கேட்டார், அங்கே கூண்டு கிடையாது, ஒரு மேசையும் நாற்காலியும்தான். முழுமையாகப் பெற்றுக்கொண்டேன் என்று ரெவின்யூ ஸ்டாம்பில் கையெழுத்துப் போட்டது நீங்கள்தானே? ஆமாம். படித்துத்தானே போட்டீர்கள்? ஆமாம். ஆறு வருடம் ஏன் பேசாமல் இருந்தீர்கள்? அப்பா தம்பி விஷயத்தைச் சொன்னார். இவர் கேட்டால் தம்பியை நிர்வாகம் ஏதாவது செய்யும் என்று இவரே கற்பனை செய்துகொண்டால் அதற்கு நிர்வாகம் பொறுப்பா என்று வக்கீல் அதிகாரியைப் பார்த்துக் கேட்டார். அப்போது அப்பா, "கற்பனையா இருந்தா நான் நிம்மதியா இருந்திருப்பேன் சார்" என்றார். அதிகாரி பேனாவை எடுத்து எழுதிக்கொண்டார்.

எங்கள் தரப்பு வாதத்தின் உயிர் பணிக்கொடைச் சட்டத்தின் ஏழாவது பிரிவில் இருந்தது. அதைத் தொழிலாளிகளில் நூற்றுக்குத் தொண்ணூறு பேர் கேள்விப்பட்டிருக்க மாட்டார்கள். தொழிலாளி விண்ணப்பம் கொடுத்தாலும் கொடுக்காவிட்டாலும், பணிக்கொடை சேரவேண்டிய நாள் வந்ததும் முதலாளியே தொகையைக் கணக்கிட்டு, அவருக்கும் கட்டுப்பாட்டு அதிகாரிக்கும் எழுத்தில் தெரிவித்து, 30 நாளுக்குள் கொடுத்துவிட வேண்டும். கேட்க வேண்டிய அவசியமே தொழிலாளிக்கு இல்லை. முப்பது நாள் தாண்டினால் வட்டி, 1987இல் வந்த அறிவிப்பின்படி வருடத்துக்குப் பத்து சதவீதத் தனிவட்டி. தாமதம் தொழிலாளியின் தவறால் வந்தது, ஆகவே வட்டி தர மாட்டேன் என்று முதலாளி சொல்ல நினைத்தால், அதற்குக் கட்டுப்பாட்டு அதிகாரியிடம் எழுத்து மூலம் அனுமதி வாங்கியிருக்க வேண்டும். "அனுமதி வாங்கினீர்களா?" என்று எங்கள் வக்கீல் ஐயா கேட்டார். இல்லை. முழுமையாகப் பெற்றேன் என்ற கையெழுத்துக்கும் பதில் இருந்தது. ஒப்பந்தம் என்ன சொன்னாலும் சட்டமே மேலோங்கும் என்றது பதினாலாவது பிரிவு.

சட்டம் கடிகாரத்தை முதலாளியின் சுவரில்தான் மாட்டியிருக்கிறது. ஆனால் நடைமுறையில் எல்லோரும் தொழிலாளியின் மணிக்கட்டைத்தான் பார்க்கிறார்கள். இந்த ஆதங்கம் எனக்கு இன்றுவரைக்கும் தீரவில்லை.

2006இல் உத்தரவு வந்தது. 14,400 அசல், ஒன்பது வருட வட்டி 12,960, ஆக 27,360 ரூபாய். மேல்முறையீட்டுக்கு அறுபது நாள் அவகாசம் உண்டு, ஆனால் முதலாளி போவதாக இருந்தால் முழுத் தொகையையும் முதலில் கட்டிவிட்டுத்தான் போக வேண்டும். கட்டுவதைக் கொடுத்தே விடலாம் என்று நினைத்தார்களோ என்னவோ, காசோலை வந்தது. அப்பா அதில் ஒரு பகுதியைச் சித்தப்பா கையில் கொடுத்தார். சித்தப்பா வாங்க மறுத்து இரண்டு நாள் எங்கள் வீட்டுப் பக்கமே வரவில்லை.

எல்லோருக்கும் ஒரே மாதிரி முடியவில்லை. வாடிப்பட்டி பக்கம் ஒரு நிறுவனத்தில் காவலாளியாக இருந்தவர், ஒப்பந்தப்படி வரவேண்டிய ஊதிய உயர்வு தனக்குத் தரப்படவே இல்லை என்று ஓய்வு பெற்று நெடுங்காலம் கழித்து வந்தார். தொழில் தகராறு சட்டம் 33சி(2) பிரிவில் லேபர் கோர்ட்டில் கணக்கீட்டு மனுப் போட்டோம். அந்தப் பிரிவுக்குக் காலவரம்பு கிடையாது என்று பாம்பே கேஸ் கம்பெனி வழக்கில் 1960களிலேயே உச்ச நீதிமன்றம் சொல்லிவிட்டது. ஒப்பந்தம் கையில் இருந்ததால் அவருக்கு முழுத் தொகையும் கணக்காகி வந்தது. அதே காலத்தில் வந்த இன்னொருவருக்கு ஊதிய நிர்ணயத்திலேயே தவறு. அவருடைய உரிமையையே முதலில் தீர்மானிக்க வேண்டியிருந்ததால் 33சி(2) உதவாது, உயர் நீதிமன்றம்தான் போக வேண்டும். 2004 ஜூலை 24இல் மதுரைக் கிளை திறக்கும் வரைக்கும் அதற்குச் சென்னைக்குத்தான் போயாக வேண்டும். ராத்திரி ரயில், அங்கே ஒரு வக்கீல், வாய்தாவுக்கு வாய்தா செலவு. குறைந்த ஓய்வூதியம் வாங்கும் மனிதர் என்ன செய்வார்? யானைமலையைப் பார்த்தாற்போல் அந்தக் கட்டடம் எழும்பிய பிறகுதான் அவர் துணிந்து வந்தார். தீர்ப்பு அவருக்குச் சாதகம். ஆனால் நிலுவை மட்டும் மனுத் தாக்கல் செய்த நாளுக்கு முந்தைய மூன்று வருடத்துக்குத்தான். தர்சேம் சிங் வழக்கில் 2008இல் உச்ச நீதிமன்றம் வகுத்த அளவு அது. குறைந்த ஓய்வூதியம் மாதாமாதம் நேரும் தொடர் தவறு, ஆகவே வழக்கை எப்போது வேண்டுமானாலும் கேட்கலாம், ஆனால் பழைய பாக்கி மூன்று வருடத்துக்கு மேல் போகாது.

இந்த மூன்று வருட அளவுக்கு ஒரு நியாயம் இருக்கிறது என்பதை மறுக்க மாட்டேன். பழைய கணக்கு எங்கேயாவது முடிய வேண்டும், பதிவேடுகளைக் காலத்துக்கும் வைத்திருக்க முடியாது. ஆனால் பெரிய அதிகாரிக்கும் வாட்ச்மேனுக்கும் அதே அளவுகோல் என்பதை என்னால் ஏற்க முடியவில்லை. தன் சம்பளம் எப்படி நிர்ணயிக்கப்பட்டது என்ற காகிதமே கையில் இல்லாதவன் எதைக் கண்டு மூன்று வருடத்துக்குள் வருவான்?

கேட்டும் கிடைக்காதவர்கள் கதை வேறு. அரசுப் போக்குவரத்துக் கழகங்களின் தொழிலாளர்கள் 2017 மே மாதத்திலும் 2018 ஜனவரியிலும் வேலைநிறுத்தம் செய்தபோது, ஓய்வு பெற்றவர்களின் நிலுவையும் கோரிக்கைகளில் ஒன்றாக இருந்தது. 2018 பொங்கலுக்கு முன்னால் அந்த நிலுவைக்கென்று 750 கோடி ரூபாயை அரசு அறிவித்தது. ஓய்வூதியர்களின் அகவிலைப்படி உயர்வு 2015இல் நின்றதுதான், 2024 ஜனவரி வேலைநிறுத்தத்திலும் அதே கோரிக்கை இருந்தது. அந்த ஓட்டுநர்களும் நடத்துநர்களும் ஒருநாளும் பேசாமல் இருந்தவர்கள் இல்லை. கொடி பிடித்தார்கள், உண்ணாவிரதம் இருந்தார்கள், வழக்குப் போட்டார்கள். கேட்டவருக்கும் வருடங்கள் போகின்றன, கேட்காதவருக்கும் போகின்றன. அப்படியிருக்க, பிந்தி வந்தவரிடம் மட்டும் ஏன் பிந்தினாய் என்று கேட்பது என்ன நியாயம்?

அப்பா 2011இல் காலமானார். நானும் அலுவலகத்தை விட்டாகிவிட்டது. ஆனால் பழக்கம் விடவில்லை, தெரிந்தவர்கள் யாராவது காகிதத்தோடு வந்துவிடுகிறார்கள். 2025 நவம்பர் 21 முதல் நான்கு தொழிலாளர் தொகுப்புச் சட்டங்கள் நடைமுறைக்கு வந்துவிட்டன. ஊதியப் பாக்கி கேட்க மூன்று வருட அவகாசம் தந்திருக்கிறார்கள், பழைய சட்டத்தில் ஒரு வருடம்தான். கேட்காமலேயே முதலாளி கணக்கிட்டுக் கொடுக்க வேண்டும் என்ற கிராஜுவிட்டிப் பிரிவு புதிய சட்டத்திலும் அப்படியே இருக்கிறது. குறித்த கால ஒப்பந்தத்தில் நேரடியாக வேலைக்கு எடுக்கப்பட்டவருக்கு ஒரு வருடத்திலேயே பணிக்கொடை உண்டு என்பது புதியது.

மில்களில் பல மூடிவிட்டன. மில் வாசலில் நின்ற பதிலியின் இடத்தில் இப்போது கப்பலூர்ப் பக்கத்துக் கம்பெனிகளில் கான்ட்ராக்ட் ஆட்கள் நிற்கிறார்கள். போன மாதம் எங்கள் தெருவிலிருந்து ஒருவர் வந்தார். பதினாலு வருடமாக ஒரே கேட்டுக்குள் போய் வருகிறார், அதற்குள் கான்ட்ராக்டர் நாலு பேர் மாறிவிட்டார்கள். இப்போது இருப்பவர் தன்னிடம் மூன்று வருடச் சேவைதான் என்கிறார். மகன் இதே கம்பெனியில் பயிற்சியில் இருப்பதால் கொஞ்சம் பொறுக்கலாமா என்று என்னிடமே கேட்டார். பொறுப்பதா வேண்டாமா என்பது அவர் முடிவு, அதில் நான் தலையிடவில்லை. ஆனால் பி.எஃப். கணக்கின் யு.ஏ.என். எண்ணைக் கேட்டு வாங்கி, பாஸ்புக்கில் எந்த மாதம் எந்தக் கான்ட்ராக்டர் பெயரில் பணம் கட்டப்பட்டிருக்கிறது என்பதை முதல் பக்கத்திலிருந்து பிரிண்ட் எடுத்து, கேட் பாஸ் நகல்களோடு சேர்த்து இன்றைக்கே ஒரு கட்டாகக் கட்டி வைக்கச் சொன்னேன். 2012க்கும் 2014க்கும் இடையில் அவருக்கு பி.எஃப். பிடிக்கவே இல்லை. அந்தக் காலத்தில் கூட வேலை பார்த்தவர்களின் பெயரை எழுதிக்கொண்டிருக்கிறோம், இதுவரை ஐந்து பேர் சேர்ந்திருக்கிறார்கள்.